நான்கு நிமிடக் கடல்

ஃபூர் தீவுக்குப் படகு நான்கு நிமிடம்.
ரொட்டி வேனை ஏற்றி, கைப்பிரேக் போட்டு,
கையுறை கழற்றுவதற்குள் கரை வந்துவிடும்.
படகோட்டி அஸ்கர் யாருக்கும் வணக்கம் சொல்வதில்லை.
பதில் வாங்க நேரம் போதாது என்பான்.

வடக்கே குன்று
கடலுக்கு விலாவைக் காட்டி நிற்கிறது.
வெளிறிய மண்ணில் கரிய கோடுகள்.
கோடு என்றால் சாம்பல்.
சாம்பல் என்றால்
எங்கோ ஓர் எரிமலை ஒரு நாள் இருமியது.
ஒவ்வோர் இருமலுக்கும் எண் போட்டிருக்கிறார்கள்:
கழித்தல் முப்பத்தொன்பதில் தொடங்கி
கூட்டல் நூற்று நாற்பது வரை.
பூஜ்ஜியத்தைத் தேடிப் பார்த்தேன், இல்லை.
கழித்தல் ஒன்றிலிருந்து கூட்டல் ஒன்றுக்கு
ஒரே எட்டு.

அடுக்குகள் ஒழுங்காகப் படுத்திருக்கவும் இல்லை.
பின்னொரு காலம் பனி வந்து தோள் கொடுத்துத் தள்ள,
கதவிடுக்கில் மாட்டிய பாய்போலச் சுருண்டு
சில இடத்தில்
பழையது புதியதன் மேல் ஏறி உட்கார்ந்திருக்கிறது.

இதைத்தான் தீரா
மஞ்சள் இயந்திரத்தால் வாரி லாரியில் கொட்டுகிறாள்.
மண் என்று நாம் சொல்வது மண்ணல்ல.
மிதந்து திரிந்த நுண்பாசிகள்
களைந்து போட்ட கண்ணாடிச் சட்டைகள்.
சூளையில் சுட்டால் ஈரம் குடிக்கும்.
மூட்டை கட்டினால்
பூனைக்குக் கழிப்பறை.
ஐந்தரைக் கோடி ஆண்டு பழைய கடல்
ஏதோ ஊரில், ஏதோ அடுக்குமாடியில்
முகம் சுளித்துப் பறிக்கும் ஒரு பூனையின்
காலடியில் முடிகிறது.
தீராவுக்கு இதில் வருத்தமில்லை.
"அதுவும் போயாக வேண்டுமே."

நடுநடுவே சுண்ணாம்பு இறுகிய கட்டிகள் வரும்.
சாப்பாட்டு வேளையில் அவற்றை உடைப்பாள்.
பெரும்பாலும் ஒன்றுமில்லை.
சிலசமயம் மீன்,
முதுகெலும்பு பல் உடையாத சீப்பாக.
அக்டோபரில் ஒரு கல் இரண்டாகி,
ஒரு பாதியில்
ஓர் அந்துப்பூச்சி.
கட்டைவிரல் நகத்தளவு இறக்கை,
அதில் நரம்புகூடத் தெரிந்தது.

மீன் சரி. கடல், அதனால் மீன்.
பூச்சிக்கு இங்கே என்ன வேலை?

அருங்காட்சியகத்தில் விபெக்கே லென்ஸை வைத்துப் பார்த்தாள்.
காற்று அடங்கிய வெதுவெதுப்பான இரவுகளில்
கூட்டம் கூட்டமாகக் கடலைக் கடக்கக் கிளம்பியவை.
கரை வெகு தூரம்.
நூறு கிலோமீட்டருக்குக் குறையாது என்றாள்.
தீரா கையெழுத்துப் போடப் பேனாவை எடுத்துவிட்டிருந்தாள்,
அரியது கிடைத்தால் அரசுக்குக் கொடுக்க வேண்டும் என்பது
இங்கே சட்டம்.
விபெக்கே கல்லைத் திருப்பித் தந்தாள்.
"ஆயிரத்துக்கு மேல் இருக்கிறது எங்களிடம்.
நீங்களே வைத்துக்கொள்ளலாம்."

கொடுத்துவிடத் தயாராக வந்தவளுக்கு
வைத்துக்கொள்ளத் தெரியவில்லை.
கைக்குட்டையில் சுற்றி, மடியில் வைத்து,
மறுநாள் அக்கரைக்குப் போக
காலைப் படகில் எனக்கு முன் வண்டியில் இருந்தாள்.
அஸ்கர் சீட்டுக்கு வந்தான்.
ஏனோ அவனிடம் காட்டினாள்.

குனிந்தான்.
அவன் அப்படிக் குனிந்து நான் பார்த்ததில்லை.
நாளுக்கு முப்பது நாற்பது முறை
இதே தண்ணீரைக் கடக்கிறவன்.
"எவ்வளவு வந்துவிட்டது?"
"பாதி இருக்கும். தெரியாது."
"தனியாகவா?"
"இல்லை. ஆயிரம் பேர்."
அவன் அதை யோசித்தான்.
"அப்படியானால் சில போய்ச் சேர்ந்திருக்கும்" என்றான்.
"போய்ச் சேர்ந்தது கல்லில் இருக்காதே."

படகு கரையைத் தொட்டு நின்றிருந்தது.
சாய்பலகை இறங்கவில்லை.
ஒரு கடற்காகம் கம்பியில் வந்து உட்கார்ந்து,
எழுந்து போய், திரும்ப வந்து உட்கார்ந்தது.
எவரும் எதுவும் சொல்லவில்லை.

பின்னாலிருந்து ஹார்ன் அடித்தது நான்தான்.
பள்ளிக்கூடத்துக்கு ரொட்டி கொடுக்க வேண்டியிருந்தது.
இன்னும் ஒரு நிமிடம்
பொறுத்திருக்கலாம்.